பகடியும் வதையும்



மலாயில் ‘புலி’ என்று சொல்லப்படுவதை நம் நாட்டுத் தமிழ் நாளேடுகள் ‘பகடிவதை’ என்று எழுதுகின்றன. நல்ல சொல். பகடி என்றால் கேலி; வதை என்றால் துன்புறுத்தல். செய்கிறவன் அதைப் பகடி என்கிறான். படுகிறவனுக்கு அது வதை. ஆசிரியர் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பதை அந்தச் சொல் நமக்குச் சொல்லவில்லை. ஓராண்டின் முதல் பாதி முழுவதும் நான் பகடியின் பக்கம் நின்றிருக்கிறேன். அதைத்தான் இன்று எழுதப்போகிறேன்.

இது நடந்தது 2011ஆம் ஆண்டில். செம்பனைத் தோட்டத்தை ஒட்டிய ஒரு தமிழ்ப்பள்ளியில் நான்காம் ஆண்டு வகுப்பாசிரியராக இருந்தேன். வகுப்பில் 19 மாணவர்கள். ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியை விட்டு வெளிவந்து ஏழெட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. வகுப்பைக் கட்டுப்பாட்டில் வைத்திருக்கிறேன் என்ற கர்வம் எனக்குக் கொஞ்சம் இருந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

அந்த வகுப்பில் ஒரு மாணவனை எல்லாரும் ‘மிலோ’ என்று அழைத்தார்கள். அவனுக்கு அந்தப் பானம் பிடிக்கும் போலும் என்று எண்ணிக்கொண்டேன், விசாரிக்கவில்லை. ஓய்வு நேரத்தில் இலவச உணவுக்கு வரிசையில் நிற்கும்போது, “மிலோ, முன்னால் வா” என்று நானும் அழைத்தேன். வரிசையே சிரித்தது. அவனும் சிரித்தான். அவன் சிரித்ததால் எனக்கு எந்த ஐயமும் எழவில்லை.

மே மாத வாக்கில் அவன் முகத்தில் பவுடரை அப்பிக்கொண்டு வரத் தொடங்கினான். காலைச் சபைகூடலில் பிள்ளைகள் அவனைப் பார்த்து நெளிந்து சிரித்தார்கள். “போய் முகத்தைக் கழுவிவிட்டு வா” என்று அனுப்பினேன். மறுநாளும் அனுப்பினேன். அதற்கு மறுநாளும்.

நான்காம் நாள் அவன் தாயார் பள்ளிக்கு வந்தார். தொழிற்சாலையில் இரவு வேலை முடித்து, உறங்காமல் நேரே வந்திருந்தார். சண்டை போட வரவில்லை. குரலைத் தாழ்த்தித்தான் பேசினார்.

“சார், வாரத்துக்கு ஒரு டின் பவுடர் தீருது. ஏன்டான்னு கேட்டா, வெள்ளையா போனா சார் என்னை மிலோன்னு கூப்பிட மாட்டாருன்னு சொல்றான்.”

‘பையன்கள்’ என்று அவர் சொல்லவில்லை. ‘சார்’ என்று சொன்னார். எனக்கு அப்போதுதான் அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது என்று விளங்கியது. அவன் வகுப்பிலேயே கறுத்த நிறத்தவன். தமிழ்ப் பிள்ளைகள் மட்டுமே படிக்கும் பள்ளியில், தமிழ்ப் பிள்ளை ஒருவன் தன் நிறத்துக்காகக் கேலி செய்யப்பட்டிருக்கிறான். அந்தக் கேலிக்கு ஆசிரியரின் முத்திரையை நான் குத்தியிருக்கிறேன்.

குற்ற உணர்ச்சி அவசரத்தைக் கொண்டுவரும். அன்றே கேலி செய்த நால்வரையும் அவனையும் வகுப்பின் முன்னால் எதிரெதிரே நிறுத்தினேன். “சும்மா விளையாட்டுக்குத்தான் சார்” என்றார்கள். கடுமையாகக் கண்டித்தேன். கைகுலுக்க வைத்தேன். கைகுலுக்கினார்கள். பிரச்சினை தீர்ந்தது என்று ஆசிரியர் அறைக்குப் போய்த் தேநீர் குடித்தேன்.

பிரச்சினை தீரவில்லை, இடம் மாறியது. பள்ளி வேனின் பின்னிருக்கைக்குப் போயிற்று. இப்போது அவனுக்கு இரண்டாவது பெயரும் கிடைத்திருந்தது: ‘போட்டுக் கொடுத்தவன்’. வகுப்பில் அமைதி, வேனில் அடி. இரண்டு வாரங்கள் கழித்து இதுவும் அவன் தாயார் சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது.

எங்கே தவறினேன் என்பது பின்னர் படித்தபோதுதான் புரிந்தது. பகடிவதையை முதன்முதலில் பரவலாக ஆராய்ந்தவர்களுள் ஒருவர் டான் ஓல்வியஸ் என்னும் உளவியலாளர். நார்வேயில் 1983ஆம் ஆண்டு நாடு தழுவிய தடுப்பு இயக்கம் தொடங்கியபோது அவருடைய ஆய்வுதான் அடிப்படையாக இருந்தது. அவர் மூன்று அடையாளங்களைச் சொல்கிறார். வேண்டுமென்றே செய்வது, திரும்பத் திரும்பச் செய்வது, செய்பவனுக்கும் படுபவனுக்கும் வலிமையில் ஏற்றத்தாழ்வு இருப்பது. மூன்றாவது அடையாளத்தைத்தான் நான் கவனிக்கத் தவறினேன். சமமான இருவர் சண்டையிட்டால் சமாதானம் பேசலாம். நால்வருக்கு முன்னால் ஒருவனை நிறுத்திச் சமாதானம் பேசினால், அந்த ஒருவன் நம் கண்ணெதிரே இன்னொரு முறை தோற்கிறான். அவனைத் தனியாக அழைத்துக் கேட்டிருக்க வேண்டும். நால்வரையும்கூட ஒன்றாக அல்லாமல், தனித்தனியாக அழைத்திருக்க வேண்டும். கூட்டாக நிற்கும்போது அவர்கள் ஒருவருக்கொருவர் துணை. தனியாக வரும்போது ஒவ்வொருவனும் பத்து வயதுப் பிள்ளைதான்.

அடுத்து என்ன செய்வது என்று தெரியாமல் விழித்த எனக்கு ஒரு மூத்த ஆசிரியை வழிகாட்டினார். பள்ளியின் வரைபடத்தைப் படியெடுத்து எல்லா மாணவர்களுக்கும் கொடுக்கச் சொன்னார். “பெயர் எழுத வேண்டாம். எந்த இடத்துக்குத் தனியாகப் போகப் பயமோ, அங்கே சிவப்பு வண்ணம் தீட்டுங்கள்” என்பதுதான் கட்டளை. நான் எதிர்பார்த்தது சிற்றுண்டிச்சாலையையும் திடலையும். வந்தது வேறு. 19 தாள்களில் 11இல் கழிப்பறை சிவந்திருந்தது. பாதிக்கு மேற்பட்டவர்கள் வேன் நிற்கும் இடத்தையும் தீட்டியிருந்தார்கள். ஓய்வு நேரக் கடமையில் நாங்கள் எல்லாரும் சிற்றுண்டிச்சாலையில்தான் நின்றுகொண்டிருந்தோம்! அங்கே நிழல் இருந்தது, நாற்காலியும் இருந்தது. அடுத்த வாரமே கடமைப் பட்டியல் மாறியது. செலவு ஒரு சென்னும் இல்லை.

வேன் ஓட்டும் அண்ணனிடம் பேசினேன். அவர் சிறியவர்களை முன்னாலும் பெரியவர்களைப் பின்னாலும் அமர்த்தும் வழக்கத்தை மாற்றி, ஒவ்வொருவருக்கும் இருக்கையைக் குறித்துக் கொடுத்தார். நாங்கள் நினைத்ததைவிட அவர் நிறையக் கவனித்து வைத்திருந்தார். யாரும் அவரைக் கேட்டதில்லை, அவ்வளவுதான்.

ஆனால் உண்மையான திருப்பம் வேடிக்கை பார்த்தவர்களிடமிருந்து வந்தது. கனடாவின் டொராண்டோ நகரத் தொடக்கப்பள்ளிகளில் ஓய்வு நேரத்தைப் படம்பிடித்து ஆராய்ந்து, 2001ஆம் ஆண்டில் ஓர் ஆய்வு வெளிவந்தது. பகடிவதை நிகழ்ந்த தருணங்களில் 88 விழுக்காட்டில் மற்ற பிள்ளைகள் உடனிருந்தார்கள். அவர்கள் குறுக்கிட்டதோ 19 விழுக்காட்டில் மட்டுமே. அப்படிக் குறுக்கிட்டவற்றுள் பாதிக்கு மேல், அதாவது 57 விழுக்காடு, பத்தே வினாடியில் நின்றுபோயின. பத்து வினாடி! நாம் பிரம்பை எடுப்பதற்குள் ஆகிவிடும் நேரம்.

என் வகுப்பில் 19 பேர். கேலி செய்தவர்கள் நால்வர், படுபவன் ஒருவன். மீதி 14 பேரை நான் எண்ணிப் பார்த்ததே இல்லை. அவர்களுள் மூவரைத் தனித்தனியே அழைத்தேன். சண்டைக்குப் போகச் சொல்லவில்லை. சிரிக்காமல் இருந்தால் போதும், அவன் பக்கத்தில் போய் அமர்ந்தால் போதும் என்றேன். ஒரு மாணவி கேட்டாள்: “நீங்களும்தானே சார் சிரிச்சீங்க?” அவளுக்கு என்னிடம் பதில் இல்லை. “இனிமேல் சிரிக்க மாட்டேன்” என்று மட்டும் சொன்னேன்.

நால்வருக்குத் தலைவனாக இருந்தவனைப் பற்றியும் ஒரு வார்த்தை. அவன் தந்தையை அழைத்துப் பேசினேன். பேச்சின் நடுவே அவர் தம் மகனைக் குறிப்பிட்ட சொல்லை இங்கே எழுத எனக்கு மனமில்லை. மகன் பக்கத்தில்தான் நின்றுகொண்டிருந்தான். தலை நிமிரவில்லை. பெற்றோர்களே, “திருப்பி அடிடா” என்று பிள்ளைக்குச் சொல்லி அனுப்புவதைப் பற்றி நாம் நிறைய விவாதிக்கிறோம். வீட்டில் நாமே பிள்ளைக்குச் சூட்டும் பட்டப்பெயர்களைப் பற்றி அவ்வளவாகப் பேசுவதில்லை.

இப்போது சட்டம் வந்துவிட்டது. குற்றவியல் சட்டத்தில் பகடிவதைக்கென்று 507பி முதல் 507ஜி வரையிலான பிரிவுகள் சேர்க்கப்பட்டு, 2025 சூலை 11 முதல் நடப்பில் உள்ளன. வரவேற்கிறேன். ஆனால் அதே சட்டத்தின் 82ஆம் பிரிவின்படி, பத்து வயதுக்குக் குறைந்த பிள்ளையின் செயல் குற்றமாகாது. நம் தொடக்கப்பள்ளிப் பிள்ளைகளில் பெரும்பகுதியினர் அந்த வயதினர்தாம். வேனின் பின்னிருக்கைக்குச் சட்டம் வருவதற்கு முன்பு நாம் போயாக வேண்டியிருக்கிறது.

அந்த மாணவனிடம் நான் மன்னிப்புக் கேட்டேன். முதலில் தனியாக; பிறகு, அவனுக்குச் சம்மதமா என்று கேட்டு, வகுப்பின் முன்னால். தனியாகக் கேட்டபோது, “பரவாயில்லை சார்” என்றான், என் முகத்தைப் பாராமல். பவுடர் நிற்க மேலும் இரண்டு மாதங்கள் ஆயின. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும், “இந்த வாரம் வேனில் எப்படி?” என்று கேட்பேன். பல வாரங்கள் “ஓக்கே சார்” என்பதோடு முடிந்துவிடும். ஆகஸ்டு மாதத்தில் ஒருநாள் தானாகவே வந்து வேனில் நடந்த வேறொரு வேடிக்கையைச் சொல்லிவிட்டு ஓடினான்.

அதன்பின் ஆண்டுதோறும் முதல் நாளில் மாணவர்களிடம் ஒன்று கேட்கிறேன். உன்னை எந்தப் பெயரால் அழைக்கலாம்? எந்தப் பெயரால் அழைக்கக் கூடாது? ஒரு துண்டுத் தாளில் எழுதித் தரச் சொல்வேன். பெரும்பாலோர் இரண்டாவது கேள்விக்குக் கோடு போட்டுவிடுவார்கள். சென்ற ஆண்டு ஒரு மாணவி, எல்லாரும் ஓய்வுக்குப் போகும் வரை காத்திருந்து, நான்காக மடித்த தாளைக் கொடுத்தாள். “யாருக்கும் காட்டாதீங்க சார்” என்றாள். என் மேசை இழுப்பறையில் இருக்கிறது. யாருக்கும் காட்டவில்லை.