இரவல் குரல்

திரையில் முகம் காட்டிப் புகழ் பெறுவோர் பலர். பிறருடைய சொல்லைத் தம் குரலில் ஏந்தி வந்து, கேட்பவர் நெஞ்சில் இறக்கி வைப்போர் சிலர். முன்னவர்க்கு மாலை, பின்னவர்க்குப் பெரும்பாலும் மறதி. நடிகர் டெல்லி கணேஷ் 2024ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் நாள் இரவு சென்னையில் காலமானார் என்ற செய்தி செம்பூரில் உள்ள எங்கள் இல்லத்தை எட்டியபோது, அண்ணனும் தங்கையுமாகிய நாங்கள் இருவரும் சற்று நேரம் பேசாதிருந்தோம். அவரை நாங்கள் நேரில் கண்டதில்லை. ஆயினும் எங்கள் குடும்பக் கதையில் அவருக்கு ஓர் இடம் உண்டு.

அவர் 1944ஆம் ஆண்டு ஆகஸ்ட் முதல் நாள் வல்லநாட்டில் பிறந்தவர். எங்கள் தந்தையாரும் அந்தத் தாமிரபரணிச் சீமையிலிருந்து தாராவிக்குத் தோல் பதனிடும் வேலைக்கு வந்தவரே. ஆதலால், “நம்ம ஊர்ப் பக்கத்து ஆளு” என்ற பெருமை எங்கள் வீட்டில் எப்போதும் உண்டு. 1964 முதல் 1974 வரை விமானப்படையில் பணியாற்றிய கணேஷ், தலைநகரில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடையில் நடிப்புப் பயின்றார். இயக்குநர் பாலசந்தர் ‘பட்டினப் பிரவேசம்’ படத்தில் அறிமுகம் செய்து, டெல்லி என்னும் அடைமொழியையும் அளித்தார். பிழைக்கப் போன ஊரே பெயரின் முன்னால் வந்து அமர்ந்துகொண்டது. நம்மில் எத்தனை பேரைச் சொந்த ஊரார் ‘பம்பாய்க்காரர்’ என்றே அழைக்கின்றனர்!

நானூறுக்கும் மேற்பட்ட படங்களில் அவர் தோன்றினார். ‘சிந்து பைரவி’யில் குடிக்கு அடிமையான மிருதங்கக் கலைஞர், ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பாலக்காட்டு மணி ஐயர். நாயகனுக்குத் தந்தையாக, நண்பராக, பக்கத்து வீட்டுக்காரராக வந்து, கதையைத் தோளில் சுமந்துவிட்டு விலகி நிற்பார். பிறருக்குக் குரல் கொடுக்கும் பணியையும் அவர் செய்தார். 1981இல் வந்த ‘47 நாட்கள்’ படத்தில் சிரஞ்சீவியின் உதடுகள் அசைய, ஒலித்தது கணேஷின் தமிழ். பின்னணிக் குரல் என்பது எளிய வேலையன்று. இருட்டறையில் திரையை நோக்கி நின்று, இன்னொருவர் மூச்சு விடும் இடத்தில் தாமும் மூச்சு விட்டு, அவர் வாய் மூடும் கணத்தில் சொல்லை முடிக்க வேண்டும். தன்னை மறைத்துக்கொள்ளத் தெரிந்தவர்க்கே அது கைகூடும்.

கடல் கடந்த அமெரிக்காவிலும் இவ்வினத்தைச் சேர்ந்த பெருங்கலைஞர் ஒருவர் இருந்தார். ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸ் அவர் பெயர். கணேஷுக்குச் சரியாக இரண்டு மாதம் முன்பு, 2024 செப்டம்பர் 9ஆம் நாள், 93ஆம் அகவையில் மறைந்தார். 1977இல் வந்த ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில் கருங்கவசம் அணிந்த டார்த் வேடரின் உடல் வேறொருவருடையது; உலகை நடுங்க வைத்த குரல் இவருடையது. தம் பெயரைப் படத்தில் போட வேண்டாம் என்று அவரே சொல்லிவிட்டார். 1994இல் ‘தி லயன் கிங்’ படத்தின் முஃபாசாவும் அவர் குரலிலேயே பேசினான். இத்தகைய குரலுக்கு உரியவர் சிறுவயதில் ஏறத்தாழ எட்டு ஆண்டுகள் பேச அஞ்சியவர் என்றால் நம்புவீர்களா? மிசிசிப்பியில் பிறந்து, ஐந்தாம் வயதில் தாத்தா பாட்டியுடன் மிச்சிகனுக்குக் குடிபெயர்ந்தபோது திக்குவாய் அவரைப் பற்றிக்கொண்டது. பள்ளி ஆசிரியர் ஒருவர் கவிதையை வாய்விட்டுச் சொல்ல வைத்து அவருடைய நாவை மீட்டார்.

ஊர் மாறும் குழந்தையின் தொண்டையில் என்ன நிகழும் என்பதை நாங்களும் ஓரளவு அறிவோம். 1984ஆம் ஆண்டு எங்களுக்கு வயது பதினொன்றும் ஒன்பதும். தாராவியில் சால் வீடு. அம்மாவுக்குத் தமிழ் தவிர வேறு மொழி தெரியாது. ரேஷன் கடை, பள்ளிக்கூடம், தபால் நிலையம் என எங்கும் அவருக்கு நாங்களே வாய். அம்மாவின் வயிற்றில் நெடுநாளாய் வலி. தந்தையார் வேலைக்குப் போயிருந்த ஒரு பகலில், நாங்கள் இருவரும் அவரை மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றோம். மருத்துவர் இந்தியில் சொன்னார்: கட்டி இருக்கிறது, உடனே அறுவை செய்ய வேண்டும், தாமதித்தால் உயிருக்கு ஆபத்து.

“எய்யா, டாக்டரு என்ன சொல்லுதாரு?” என்று அம்மா கேட்டார்.

நாங்கள் ஒருவரையொருவர் பார்த்தோம். “சின்னக் கட்டிதாம்மா. மாத்திரை தருவாங்க. பொறவு ஆபரேஷன் பண்ணிக்கிடலாமாம், அவசரமில்லையாம்.”

அம்மா தலையசைத்தார். மூன்று வாரம் கடந்தது. அந்த மூன்று வாரமும் நாங்கள் உறங்கியதில்லை. இறுதியில் தந்தையாரிடம் அழுதுகொண்டே உண்மையைக் கூறினோம். அவர் எங்களை அடிக்கவில்லை. ஏலச்சீட்டைத் தள்ளி எடுத்துவந்து பணத்தைக் கட்டினார். அறுவை நலமாக முடிந்தது. செய்த பிழையைப் பற்றி எவரும் பேசவில்லை. பேசாத பிழையே நெஞ்சில் நெடுநாள் தங்குகிறது.

1987 தீபாவளிக்கு ‘நாயகன்’ வெளிவந்தது. மாட்டுங்கா அரோரா திரையரங்குக்குக் குடும்பத்தோடு போனோம். சென்னை வீனஸ் ஸ்டூடியோவில் தோட்டா தரணி எழுப்பிய தாராவியைக் கண்டு, “இது நம்ம சந்துதான்” என்றும் “இல்லை, இல்லை” என்றும் அரங்கில் வழக்காடினர். கமல்ஹாசனின் நடிப்புக்கும், ஸ்ரீராமின் ஒளிப்பதிவுக்கும், தரணியின் கலைக்கும் அப்படம் பின்னர் தேசிய விருதுகள் பெற்றது. வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது. அவர் தமிழில் சொல்வதை இந்தியாக்கியும், எதிராளியின் இந்தியைத் தமிழாக்கியும் பக்கத்தில் நிற்பவர் ஐயர். அந்த ஐயராக வந்தவர் டெல்லி கணேஷ்.

அரங்கம் முழுதும் நாயகனைப் பார்த்துக்கொண்டிருக்க, அம்மாவின் கண் மட்டும் ஐயரைத் தொடர்ந்தது. “இந்த மனுசன் பாவம்யா. ரெண்டு பக்கத்துக்கும் வாய் கொடுத்துக்கிட்டு நிக்காரு. உங்களை மாதிரி” என்றார். வீட்டுக்குத் திரும்பும் வழியில், எவரும் கேட்காமலே மெல்லச் சொன்னார்: “அன்னைக்கு டாக்டரு சொன்னது எனக்குத் தெரியும்யா. நீங்க சொன்ன சொல்லு நல்லாத்தான் இருந்துது, தொண்டைதான் ஒத்துக்கிடல. பிள்ளைக பயந்துபோய் நிக்குதுகளேன்னு நானும் தெரியாத மாதிரி இருந்துட்டேன்.”

நாங்கள் அவரைக் காக்க எண்ணிப் பொய் உரைத்தோம். அவர் எங்களைக் காக்க அதை நம்புவதாக நடித்தார். மூன்று வாரம் ஒரே அறையில் மூவரும் நடித்திருக்கிறோம். சொல்லை மாற்றிவிடலாம், குரலை மாற்றுவது எளிதன்று. கணேஷ் போன்றவர்க்கு அது பல்லாண்டுப் பயிற்சியால் வந்த கலை. குழந்தைகளுக்கோ அது தாங்கவொண்ணாத சுமை.

அம்மா இன்று இல்லை. ஐயராக வந்தவரும் இல்லை. ஆனால், ஊரிலிருந்து புதிதாய் வந்த தாயின் சேலைத் தலைப்பைப் பிடித்தபடி அலுவலகச் சன்னலில் மொழிபெயர்த்து நிற்கும் சிறுவர் சிறுமியரை இன்றும் நாம் காண்கிறோம். வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். மருத்துவமனைக்குச் செல்லும்போது பிள்ளையை மட்டும் துணைக்கு அழைக்காதீர்கள். மொழி தெரிந்த பெரியவர் ஒருவரும் உடன் வரட்டும். பிள்ளை பேசத்தான் வேண்டும் என்றால், அதன் சொல்லோடு குரலையும் கேளுங்கள். நடுங்கினால், அதை முதலில் அணைத்துக்கொள்ளுங்கள்.