பெயர் வைக்கும் உரிமை யாருக்கு?

வார்த்தை இல்லாத இசையில் என்ன அரசியல் இருக்க முடியும்? உடன்குடியில் நாங்கள் நடத்தும் மாலைநேரப் படிப்பகத்தில் இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்?' தொகுப்பைப் போட்டுக் கேட்டோம். முடிந்ததும் கல்லூரி மாணவி ஒருவர் கேட்ட கேள்வி இது. பாட்டு என்றால் வரியைப் பிடித்து விவாதிக்கலாம், வெறும் வயலினை வைத்து என்ன பேசுவது என்றார். பேச நிறைய இருக்கிறது தோழர்களே.

1986-இல் வந்த தொகுப்பு அது. படம் இல்லை, நாயகன் இல்லை, பாடல் வரியும் இல்லை. வி.எஸ்.நரசிம்மனின் வயலின் முன்னால் நிற்கிறது. தியாகராஜருக்கும் ஜெர்மானிய இசைமேதை பாக்குக்கும் காணிக்கையாக்கப்பட்ட இசை. அதில் ஒரு பகுதிக்கு 'பாக்கை என் வீட்டில் சந்தித்தேன்' என்ற பொருளில் தலைப்பு. பண்ணைப்புரத்தில் தலித் குடும்பத்தில் பிறந்து, அண்ணன் பாவலர் வரதராஜனோடு கம்யூனிஸ்ட் மேடைகளில் வாசித்து வளர்ந்தவர், 'என் வீட்டில்' என்கிறார். யார் வாசலிலும் போய் அவர் நிற்கவில்லை. பாக்தான் இவர் வீட்டுக்கு வருகிறார்.

அதே காலத்தில் மேலைநாட்டுச் சந்தை இப்படிப்பட்ட வார்த்தையற்ற இசைக்கு 'நியூ ஏஜ்' என்று பெயர் வைத்து, அமைதி, தியானம் என்று விற்றது. 1987-இல் கிராமி விருதிலும் அதற்குத் தனிப் பிரிவு வந்தது. கண்ணை மூடிக் கேட்டால் இசை எல்லாவற்றையும் கடந்தது என்றுதான் தோன்றும். அது பாதி உண்மை. காதுக்குச் சாதி தெரியாது. ஆனால் நம் ஊர் வாத்தியத்துக்கும் சாதி வைத்திருக்கிறது.

வயலின் ஐரோப்பாவிலிருந்து வந்தது. சுமார் இருநூறு ஆண்டுகளுக்கு முன் பாலுசாமி தீட்சிதரும் தஞ்சை வடிவேலுவும் அதைக் கையில் எடுத்தார்கள். இன்று வயலின் இல்லாத கச்சேரி அபூர்வம். பறையோ தொல்காப்பியம் திணைகளின் கருப்பொருளில் வைத்து எண்ணிய வாத்தியம். அது இன்னமும் பல ஊர்களில் சாவு வீட்டு வாசலைத் தாண்டவில்லை. மிருதங்கம் மேடை ஏறிவிட்டது. அதற்குத் தோல் பதப்படுத்தி மூட்டுகிறவர்களில் பெரும்பாலோர் தலித் கிறித்தவர்கள், அவர்கள் மேடைக்கு வெளியே. அவர்களைப் பற்றி டி.எம்.கிருஷ்ணா எழுதிய 'செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்' 2020-இல் வெளிவந்தபோது, வெளியீட்டு விழாவுக்குக் கொடுத்த அரங்க அனுமதியைக் கலாக்ஷேத்ரா திரும்பப் பெற்றது.

குலசை தசராவுக்கு மேளம் அடிக்கப் போகும் எங்கள் பிள்ளைகளுக்கு இது புதிய செய்தி அல்ல. அவர்கள் அடி விழாமல் வேடக் குழு நகராது. திருவிழா முடிந்த மறுநாள் மூத்த மேளக்காரரையும் சின்னப் பையன் 'வாடா, போடா' என்பான்.

தன்னைத் தலித் என்று சொல்வதை இளையராஜா விரும்புவதில்லை. 2022-இல் அம்பேத்கரையும் மோடியையும் ஒப்பிட்டு அவர் எழுதிய முன்னுரையை நாங்கள் ஏற்கவில்லை. ஆனால் அடையாளத்தை மறுப்பது அவர் உரிமை. நமக்குக் காலம்காலமாக மற்றவர்கள்தான் பெயர் வைத்தார்கள். வைத்த பெயரை வேண்டாம் என்பதும் சுயமரியாதைதான். நம் பக்கம் நிற்காதவருக்கும் அந்த உரிமை உண்டு.

மறுத்தால் மட்டும் கதவு திறந்துவிடுமா? 2024 டிசம்பரில் திருவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயிலில் அர்த்த மண்டபத்துக்கு வெளியே நிற்கும்படி அவரிடம் சொன்னார்கள். அங்கே அர்ச்சகர் தவிர யாருக்கும் அனுமதியில்லை என்று விளக்கம் வந்தது. சுயமரியாதையை விட்டுக்கொடுப்பவன் தான் அல்ல, பரவுவது வதந்தி என்று அவரும் எழுதினார். இருக்கட்டும். அர்ச்சகராக யாரெல்லாம் முடியும் என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. அனைத்துச் சாதியினரும் அர்ச்சகராகலாம் என்று 1970-இல் சட்டத் திருத்தம் வந்தும், அதற்காக இன்றும் நீதிமன்றம் ஏற வேண்டியிருக்கிறது.

அந்த மாணவிக்கு நாங்கள் சொன்ன பதில் இதுதான். இசையை இசையாகவே ரசியுங்கள். கூடவே, தோல் யார் கொடுத்தது, மேடை யாருக்குக் கிடைத்தது என்றும் கேளுங்கள். வயலின் படிக்க ஆசைப்படும் எங்கள் பிள்ளைக்கு வயலின் கிடைக்க வேண்டும். பறையை விரும்பிக் கற்பவருக்கு மேடையும் உரிய கூலியும் வேண்டும். சாவுக்கு அடிக்க மாட்டேன் என்கிற பிள்ளையை ஊர் மிரட்டக் கூடாது. இந்த மூன்றுக்காகத்தான் படிப்பகம் நடக்கிறது. அடுத்த வாரம் 1988-இல் வந்த 'நத்திங் பட் விண்ட்' கேட்கிறோம், வாருங்கள்.