காஹாங் சாலையில் டென்பசார் நிலா

குளுவாங்கில் இருந்து மெர்சிங் போகும் சாலையில், ஏறக்குறைய பாதி வழியில் இருக்கிறது காஹாங். தியோமான் தீவுக்குப் படகு பிடிக்க விரைகிறவர்கள் இங்கே பெட்ரோல் போட்டுக்கொண்டு கிளம்பிவிடுவார்கள். எண்டாவ் ரொம்பின் தேசியப் பூங்காவுக்குப் போகிறவர்கள், ஜாக்குன் பழங்குடியினர் வாழும் கம்போங் பேத்தாவை நோக்கித் திரும்பிவிடுவார்கள். காஹாங்கைப் பார்ப்பதற்கென்றே வருகிறவர்கள் குறைவு. அதனாலோ என்னவோ, எனக்கு இந்த ஊர் பிடிக்கும்.

சாலையின் இரு பக்கமும் செம்பனை. ஜொகூரின் தோட்டங்களில் பால்மரம் வெட்டியவர்களில் நம்மவர்கள் ஏராளம். அவர்களின் பிள்ளைகள் ஜொகூர் பாருவுக்கும் சிங்கப்பூருக்கும் போய்விட்டார்கள். இன்று செம்பனைக் குலை அறுப்பவர்களில் பலர் இந்தோனேசியர்கள், வங்காளதேசிகள். தோட்டத்தில் கேட்கும் பாட்டும் ஆட்களோடு சேர்ந்து மாறிவிட்டது.

போன முறை ஓர் ஒட்டுக்கடையில் பசியாற உட்கார்ந்தபோது அந்த மாற்றம் காதில் விழுந்தது. பக்கத்து மேசையில் மூன்று இந்தோனேசிய இளைஞர்கள். ஒருவர் பழைய கித்தாரில் 'டென்பசார் மூன்' வாசித்தார். கட்டைவிரல் தடித்த கம்பியில் தாளத்தை விடாமல் பிடித்திருந்தது. தே தாரிக் ஆற்றிக்கொண்டிருந்த கடைக்கார ஐயாவும் கூடவே முணுமுணுத்தார்.

"இது அவங்க ஊர்ப் பாட்டு, தம்பி" என்றார் என்னிடம். கித்தார்க்காரர் மலாயில் மறுத்தார்: பாடியவர் மேரிபெத், பிலிப்பீன்ஸ்காரர்.

"எழுதினவர் லண்டன்காரர், ஐயா."

"வெள்ளைக்காரனா? சும்மா சொல்லாதீங்க!"

சும்மா இல்லை. அவர் பெயர் காலின் பாஸ், 1951இல் பிறந்தவர். ஆங்கிலத்தில் எழுதினால் அவருடைய குடும்பப் பெயரும் அவர் வாசிக்கும் பேஸ் கித்தாரின் பெயரும் ஒன்றே, உச்சரிப்புதான் வேறு. ஸ்டீவ் ஹில்லேஜ் என்ற கித்தார் கலைஞரோடு வாசித்துவிட்டு, 1979இல் 'கேமல்' என்ற பிரிட்டிஷ் ராக் குழுவில் சேர்ந்தார். அந்தக் குழுவின் முகம் கித்தாரிஸ்ட் ஆண்ட்ரூ லாட்டிமர். பேஸ் வாசிப்பவரின் தலையெழுத்து எங்கேயும் அதுதானே! இளையராஜா பாடல்களில் சசிதரன் வாசித்த பேஸை நாம் எல்லோரும் முணுமுணுத்திருக்கிறோம். ரஹ்மான் பாடல்களில் கீத் பீட்டர்ஸ் வாசித்ததையும்தான். அவர்களின் பெயரைக் கேட்டால் எத்தனை பேர் சொல்வோம்?

1980களின் நடுவில் கேமல் ஓய்ந்திருந்த காலத்தில் அவர் '3 முஸ்தபாஸ் 3' என்ற வேடிக்கையான குழுவில் இருந்தார. பால்கன் பகுதியில் இருந்து வந்த சகோதரர்கள் என்று கதை கட்டிக்கொண்ட லண்டன் இசைக்கலைஞர்கள் அவர்கள். அங்கே காலின் பாஸின் பெயர் சபா ஹபாஸ் முஸ்தபா. பாலியின் தலைநகரான டென்பசாரைப் பற்றிய பாட்டையும் அந்தப் பெயரிலேயே வெளியிட்டார். 1990களில் மேரிபெத்தின் குரலில் அது இந்தோனேசியா முழுக்கப் பரவியது. வேறு பலரும் பாடினார்கள். ஏற்கெனவே புனைபெயருக்குள் இருந்தவர், பாட்டு பெரிதானதும் முழுவதுமாக மறைந்துபோனார்.

எனக்கு அவரிடம் பிடித்தது அதற்கு அப்புறம் செய்ததுதான். வெற்றி கிடைத்த சூட்டில் இன்னொரு நிலாப் பாட்டு போட்டிருக்கலாம். அவரோ பாண்டுங் போய், உள்ளூர் சுண்டா இசைக்கலைஞர்களோடு உட்கார்ந்து 'ஜாலான் கோப்போ' என்ற தொகுப்பைச் செய்தார். அந்த நகரின் ஒரு சாலையின் பெயர் அது.

ஐயா கேட்டுவிட்டு, "அதான் தபேலா மாதிரி அடி வருதா?" என்றார். சரியாகப் பிடித்துவிட்டார். இந்தோனேசியாவின் டங்டுட் இசைக்குப் பெயர் வந்ததே தபேலா வகைத் தோல்கருவியின் ஓசையில் இருந்துதான். இந்திப் படப் பாடல்கள் அதில் ஊறியிருக்கின்றன. அதைக் கேட்ட இளைஞர்கள் சிரித்துக்கொண்டே ஷாருக்கான் பெயரைச் சொன்னார்கள்.

பிறகு காலின் பாஸ் தன் சொந்தப் பெயரிலேயே ஒரு தொகுப்பு வெளியிட்டார். 'அன் அவுட்காஸ்ட் ஆஃப் தி ஐலண்ட்ஸ்' என்ற அந்தத் தலைப்பு, மலாய்த் தீவுக்கூட்டத்தில் நடக்கும் ஜோசப் கான்ராட் நாவலுடையது. 1999இல் கேமலின் 'ரஜஸ்' வந்தது. ஒட்டகத்தின் நடையோடு தொடர்புபடுத்தப்படும் அரபுக் கவிதைச் சந்தத்தின் பெயர். காஹாங்கைத் தாண்டி மெர்சிங் வரை செம்பனைக்கு நடுவே ஓட்டும்போது அதைத்தான் போட்டேன். காரின் ஒலிபெருக்கி சுமாராக இருந்தால் கித்தார் மட்டும் கேட்கும். கொஞ்சம் நல்லதாக இருந்தால், இருக்கையின் அடியில் காலின் பாஸ் தெரிவார்.