ஜன்னலில் நிற்பவருக்கும் கேட்கும்

மயிலாப்பூரில் நான் நடத்தும் ஹெரிடேஜ் வாக்குக்கு வருகிறவர்களுக்குக் கோபுரம், குளம், அறுபத்து மூவர் எல்லாம் ஏற்கெனவே தெரிந்தவை. அவர்கள் தேடி வருவது இந்தப் பகுதியின் பெயர் கெட்ட கதைகளை. திவாலான வங்கி, கொலை வழக்கு, துப்பாக்கிச் சூடு, தாசி வீடு. வடக்கு மாட வீதி திரும்புவதற்குள் யாராவது ஒருவர் அருகில் வந்து குரலைத் தாழ்த்திக் கேட்டுவிடுவார்: "மேடம், தாசிங்க இருந்த வீடு எது?"

வீட்டை நான் காட்டுவதில்லை. எந்த வீட்டின் முன்னாலும் நின்று எந்தக் கதையும் சொல்வதில்லை. கோயில் மதில், குளத்துக் கம்பி வேலி, சிலையடி, பூங்கா வாசல் என்று பொது இடமாகப் பார்த்துத்தான் நிற்பேன். வீடு என்றால் அதில் இன்று யாரோ குடியிருக்கிறார்கள். கொடியில் துணி காய்கிறது, பிள்ளைகள் பள்ளிக்குக் கிளம்புகிறார்கள். இருபது பேர் கழுத்தில் அடையாள அட்டையோடு எதிரே நின்று மாடியை அண்ணாந்து பார்த்தால் அந்தக் குடும்பத்துக்கு எப்படி இருக்கும்?

தெருவில் கதை சொல்வதற்கும் மேடையில் பேசுவதற்கும் உள்ள பெரிய வித்தியாசம் இது. மேடையில் உங்கள் பேச்சைக் கேட்பவர்கள் அதற்காகவே வந்தவர்கள். தெருவில் வராதவர்களும் கேட்கிறார்கள். பூக்காரம்மா, இஸ்திரி வண்டிக்காரர், பால் பாக்கெட் எடுக்க வந்தவர் என்று எல்லோர் காதிலும் விழும். ஒருமுறை ஜன்னல் பக்கம் நின்றிருந்த ஒரு பெரியவர் என்னை நிறுத்தி, "எங்க தெருவைப் பத்தி அவங்ககிட்ட என்னம்மா சொல்றே?" என்று கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். சொன்னதை அப்படியே அவரிடமும் சொன்னேன். ஜன்னலில் நிற்பவர் முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியாத எதையும் குழுவிடமும் சொல்லக் கூடாது என்பது இந்த வேலையில் நான் வைத்திருக்கும் முதல் விதி.

அப்படியானால் தாசி மரபைப் பற்றிப் பேசாமல் நகர்ந்துவிடலாமா? கூடாது. மயிலாப்பூரின் கதையில் பாதி அது. அதற்கு நான் நிற்கும் இடம் கபாலீஸ்வரர் கோயிலின் மேற்குப் பக்கம். கபாலி மேற்கு பார்த்தவர், குளமும் மேற்கே. காலை ஆறரை மணிக்கு அங்கே நின்றால் பேச்சு காதில் விழும். ஏழரைக்கு மேல் ஆட்டோ ஹாரன்தான் பேசும். மெட்ரோ வேலை தொடங்கிய பிறகு லஸ் பக்கம் நின்று பேசுவதும் சிரமம்.

அந்த இடத்தில் நான் சொல்லும் முதல் பெயர் மயிலாப்பூர் கௌரி அம்மாள். இந்தச் சன்னிதியில் ஆடியவர். அபிநயத்தில் அவருக்கு நிகர் குறைவு என்று அந்தக் காலத்து ரசிகர்கள் கொண்டாடிய கலைஞர். பாலசரஸ்வதி அவரிடம் பாடம் கேட்டார், ருக்மிணி தேவியும் கேட்டார். ருக்மிணி தேவி 1935 டிசம்பரில் அடையாறு பிரம்மஞான சபையின் ஆண்டு விழாவில் மேடையேறியதும், மறு ஆண்டு கலாக்ஷேத்திரம் உருவானதும் பலருக்குத் தெரியும். கௌரி அம்மாள் பெயரைச் சொன்னால் குழுவில் தலையாட்டுபவர்கள் ஓரிருவர்தான். பிற்காலத்தில் அவர் கலாக்ஷேத்திரத்தில் கற்பித்தார். வறுமையைப் பார்த்தார். 1971-இல் மறைந்தார். ஆட்டம் சபாக்களுக்குப் போய் மதிப்புப் பெற்றது. அதைத் தலைமுறை தலைமுறையாகக் காத்தவர்களுக்கு அந்த மதிப்பில் பங்கு கிடைக்கவில்லை. இதை நான் வருத்தத்தோடுதான் சொல்கிறேன், ஒவ்வொரு முறையும்.

இந்த இடத்தில் குழு ஒரு பக்கமாகச் சாய்ந்துவிடும். "அப்போ தேவதாசி முறையை ஒழிச்ச சட்டமே தப்பா?" என்று கேட்பார்கள். தப்பில்லை என்று அழுத்திச் சொல்வேன். தேவதாசி முறையை ஒழிக்கச் சட்டமன்றத்தில் போராடிய டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் தாயார் அந்த மரபில் வந்தவர். மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரும் அந்தச் சூழலிலிருந்து வெளியே வந்து, 1936-இல் அதை நாவலாகவே எழுதியவர். சிறு பெண்ணைக் கோயிலுக்குப் பொட்டுக் கட்டி, அதன் பேரில் அவள் வாழ்க்கையைப் பணக்காரர்கள் வீட்டு வாசலில் கொண்டுபோய் நிறுத்திய ஏற்பாடு ஒழிய வேண்டியதுதான். முத்துலட்சுமி ரெட்டி தொடங்கிய அவ்வை இல்லம் இன்றும் அடையாறில் இருக்கிறது.

ஆனால் 1947-ஆம் ஆண்டுச் சட்டத்தைக் கையில் எடுத்து முழுதாகப் படிக்க வேண்டும். நான் அதன் மூன்றாம் பிரிவின் நகல் ஒன்றைப் பையில் வைத்திருக்கிறேன். பொட்டுக் கட்டுவது செல்லாது, கட்டப்பட்ட பெண் சட்டப்படி திருமணம் செய்துகொள்ளலாம் என்கிறது முதல் பகுதி. அடுத்த பகுதியைத்தான் நிறுத்தி நிதானமாகச் சொல்வேன். ஊர்வலத்தில் ஆடினாள், பாடினாள் என்பதற்காக ஒரு பெண்ணைக் கெட்டுப்போனவள் என்று கருதும் வழக்கம் எந்தச் சமூகத்தில் இருந்தாலும் அந்த வழக்கம் செல்லாது என்கிறது. அதாவது அந்தப் பட்டப்பெயரையே சட்டம் ரத்து செய்தது. அதற்கடுத்த பகுதி கோயிலுக்குள் பெண்கள் ஆடுவதையே தடை செய்தது. மானத்தைத் திருப்பிக் கொடுத்த அதே பிரிவு தொழிலை எடுத்துக்கொண்டது. குரலைத் தாழ்த்திக் கேள்வி கேட்டவர் இதைக் கேட்ட பிறகு பெரும்பாலும் வீட்டு விலாசம் கேட்பதில்லை.

பெயர் கெட்டவர்கள் என்றால் ஏழைகளும் பெண்களும்தான் என்ற எண்ணம் நம்மிடம் ஆழமாக ஊறியிருக்கிறது. அதை உடைக்க நான் வைத்திருக்கும் கதை அர்பத்நாட் வங்கி. 1906 அக்டோபர் 22 அன்று அர்பத்நாட் கம்பெனி கதவை மூடியது. மதராஸில் அதைவிட மரியாதையான பெயர் அன்று கிடையாது. பென்ஷன்காரர்கள், விதவைகள், அரசு ஊழியர்கள் என்று ஆயிரக்கணக்கானவர்களின் பணம் போயிற்று. சர் ஜார்ஜ் அர்பத்நாட்டுக்குப் பதினெட்டு மாதக் கடுங்காவல் தண்டனை கிடைத்தது. பணம் போட்டவர்களுக்காக வாதாட முன்னால் நின்றவர் மயிலாப்பூர் வக்கீல் வி. கிருஷ்ணசுவாமி அய்யர். நம் பணத்தை நாமே காக்க வேண்டும் என்ற எண்ணத்தில் அவரும் மற்றவர்களும் சேர்ந்து 1907-இல் தொடங்கியது இந்தியன் வங்கி. அவர் நிறுவிய சமஸ்கிருதக் கல்லூரி அருகே நின்று இதைச் சொல்வேன். கேட்பவர்களில் மயிலாப்பூரிலேயே வாழும் வயதானவர்கள் இருந்தால் அவர்கள் முகம் மாறும். நிதி நிறுவனத்தில் சேமிப்பைப் போட்டுவிட்டுத் தவிப்பவர்கள் இன்றும் இந்தத் தெருக்களில் இருக்கிறார்கள். அவர்களுக்கு இது 1906-ஆம் வருஷத்துக் கதை இல்லை.

தி.நகர் நடையைத் தனியாக இன்னொரு நாள் வைப்பேன். பனகல் பூங்காவில் ஆரம்பித்து, இந்தப் பகுதியே 1920-களில் ஏரியைத் தூர்த்து எழுந்தது என்று சொல்லிவிட்டு பாண்டி பஜார் வழியாகப் போவோம். 1982 மே 19 அன்று ஈழப் போராளித் தலைவர்களான பிரபாகரனும் உமா மகேஸ்வரனும் இந்தக் கடைவீதியில்தான் ஒருவரை ஒருவர் சுட்டுக்கொண்டார்கள். சுருக்கமாகச் சொல்லிக் கடந்துவிடுவேன். அதை நீட்டினால் நடை அரசியல் விவாதமாகிவிடும். ஈழத்திலிருந்து வந்தவர்கள் குழுவில் இருந்தால் அவர்கள் இழந்ததை வைத்து இன்னொருவர் வாக்குவாதம் செய்வதை நான் அனுமதிக்க மாட்டேன்.

நீண்ட நேரம் நிற்பது கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் சிலையருகே. 1969 பொங்கலன்று அண்ணா திறந்து வைத்த சிலை. உடல்நலம் மிகவும் கெட்டிருந்த நிலையில் அவர் கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அது. அடுத்த மாதம் 3-ஆம் தேதி அவரும் போய்விட்டார்.

பத்திரிகைக்காரர் லட்சுமிகாந்தனின் கொலை வழக்கை இங்கேதான் சொல்கிறேன். கொலை நடந்தது இங்கே அல்ல, வேப்பேரியில், 1944 நவம்பர் 8. ரிக்ஷாவில் போய்க்கொண்டிருந்தவரைக் கத்தியால் குத்தினார்கள், மறுநாள் பொது மருத்துவமனையில் இறந்தார். எம்.கே. தியாகராஜ பாகவதரும் கலைவாணரும் கைதானார்கள். அந்தத் தீபாவளிக்கு வந்த 'ஹரிதாஸ்' அரங்கு நிறைந்து ஓடிக்கொண்டிருந்த நேரம் அது. கொலை, சினிமா, சிறை, லண்டன் பிரிவி கவுன்சில் என்று கதை சொல்பவருக்கு வேண்டியதெல்லாம் இதில் இருக்கிறது. இழுத்து இழுத்துச் சொன்னால் கூட்டம் மூச்சுவிடாமல் கேட்கும்.

நான் முடிவை முதலிலேயே சொல்லிவிடுவேன். "1947 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் இருவரையும் குற்றமற்றவர்கள் என்று விடுதலை செய்தது. இனி அதற்கு முன்னால் நடந்ததைச் சொல்கிறேன்" என்றுதான் ஆரம்பம். இதனால் விறுவிறுப்புப் போய்விடுகிறது என்று சக வழிகாட்டிகள் சொல்வதுண்டு. போகட்டும். தெருவில் யாரும் கதை முழுவதையும் கேட்பதில்லை. ஒருவர் போன் வந்தால் ஒதுங்குவார், ஒருவர் இளநீர் வாங்கப் போவார், பஸ் ஒன்று நின்று நாலு வாக்கியத்தை விழுங்கிவிடும். ஆயுள் தண்டனை என்ற சொல் காதில் விழுந்து, விடுதலை என்ற சொல் விழாமல் ஒருவர் வீட்டுக்குப் போனால், அன்று நான் ஒரு மனிதர் மீது மறுபடியும் பழி போட்டவளாகிறேன். அந்தப் பழி பாகவதரை விடுதலைக்குப் பிறகும் விட்டபாடில்லை. வெளியே வந்து அவர் நடித்த படங்கள் எடுபடவில்லை. 1959-இல் காலமானார். கலைவாணர் மீண்டும் எழுந்து நடித்தார். அவர் சிறையில் இருந்தபோது மனைவி டி.ஏ. மதுரமும் நண்பர்களும் நாடக மன்றத்தைக் காப்பாற்றி, 'பைத்தியக்காரன்' என்று படமும் எடுத்தார்கள்.

இறந்தவரைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். லட்சுமிகாந்தன் 'சினிமா தூது' நடத்தியவர், பிறகு 'இந்துநேசன்'. நடிகர் நடிகைகளின் அந்தரங்கம் என்று சொல்லிக்கொண்டு எழுதி விற்றவை அவை. அதற்காக அவர் நடுத்தெருவில் குத்துப்பட்டுச் சாக வேண்டியவர் ஆகிவிட மாட்டார். "நல்லா வேணும்" என்று குழுவில் யாராவது சொன்னால் நான் அங்கேயே மறுப்பேன். "அப்போ யார்தான் செஞ்சது?" என்று கேட்டால், யார் தூண்டினார்கள் என்பது நீதிமன்றத்தில் நிரூபணமாகவில்லை என்பதோடு நிறுத்திக்கொள்வேன். ஊகத்துக்கு இடம் கொடுத்தால் நானும் மஞ்சள் பத்திரிகை நடத்துகிறவளாகிவிடுவேன். அவர் அச்சில் செய்ததை நான் வாயால் செய்வேன், அவ்வளவுதான்.

திருவான்மியூருக்கு அழைத்துப் போகச் சொல்லிப் பலர் கேட்கிறார்கள், இளைஞர்கள் அதிகம். தொடர் கொலையாளி ஆட்டோ சங்கர் வாழ்ந்த தெருவைப் பார்க்க வேண்டுமாம். வெப் சீரிஸ் வந்த பிறகு இந்தக் கேட்பு கூடியிருக்கிறது. நான் அழைத்துப் போவதில்லை. கொல்லப்பட்டவர்களின் பெற்றோர், உடன்பிறந்தோர், பிள்ளைகள் இன்னும் இருக்கும் காலம் இது. சங்கர் 1995-இல் சேலம் சிறையில் தூக்கிலிடப்பட்டார். ஒரு தலைமுறைகூட முழுதாக மாறவில்லை.

ஆனால் அந்த வழக்கிலிருந்து பிறந்த ஒரு தீர்ப்பைத்தான் என் தொழிலுக்கு இலக்கணமாக வைத்திருக்கிறேன். சங்கர் சிறையிலிருந்து எழுதிய தன்வரலாற்றை நக்கீரன் பத்திரிகை வெளியிடப் போனபோது சிறைத்துறை தடுத்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் போயிற்று. 1994 அக்டோபரில் தீர்ப்பு வந்தது. ஒருவருடைய குடும்பம், திருமணம், பிள்ளைப்பேறு போன்றவற்றைப் பற்றி அவர் சம்மதமில்லாமல் எழுதக் கூடாது, தனியாக விடப்படுவது அவர் உரிமை. நீதிமன்ற ஆவணம் உட்படப் பொது ஆவணத்தில் பதிவானதை எழுதலாம். ஆனால் பாலியல் வன்கொடுமைக்கும் கடத்தலுக்கும் உள்ளான பெண்ணின் பெயரை, ஆவணத்தில் இருந்தாலும், வெளியிட்டு அவளை மேலும் இழிவுபடுத்தக் கூடாது. பத்திரிகைக்காரர்களுக்காகச் சொன்னது. தெருவில் நின்று கதை சொல்பவருக்கு ஒவ்வொரு எழுத்தும் பொருந்துகிறது. புதிதாக இந்த வேலைக்கு வருகிறவர்களிடம் நான் முதலில் படிக்கக் கொடுப்பது இந்தத் தீர்ப்பைத்தான்.

அவரவர் ஊரில் இப்படி நடைகளைத் தொடங்க இப்போது பலர் முன்வருகிறார்கள். மிகவும் மகிழ்ச்சி. மதுரைக்கும் தஞ்சைக்கும் கோவைக்கும் இது வேண்டும். அவர்களுக்கு ஒரு வேண்டுகோள். டீக்கடையில் கேட்டதையும் யூடியூபில் பார்த்ததையும் வைத்துக்கொண்டு தெருவில் இறங்காதீர்கள். எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் இருக்கிறது, தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. அந்தக் காலத்துப் பத்திரிகைகளை எடுத்துப் பாருங்கள். வழக்கு என்றால் முதல் தீர்ப்போடு நிறுத்தாமல் மேல்முறையீட்டின் கடைசித் தீர்ப்பு வரை படியுங்கள். பிறகு அந்தத் தெருவில் இன்று குடியிருக்கும் ஒருவரிடம் போய், நீங்கள் சொல்லப்போவதை முதலில் அவரிடம் சொல்லிப் பாருங்கள்.