வானத்தில் ஏறிய வெட்டுக்கிளி

பேய்ப் படம் என்றால் போர்வைக்குள் புகுந்துகொள்ளும் ஆள் நான். ஆனால், பூச்சிப் படம் என்றால் மிக்சர் டப்பாவோடு முதல் ஆளாக உட்கார்ந்துவிடுவேன். அதுவும் கையில் காசில்லாமல் எடுத்த பழைய கறுப்பு வெள்ளை அமெரிக்கப் படங்கள் என்றால் இன்னும் இஷ்டம்.

இந்த வகைக்குப் பாதை போட்டது 1954-ல் வந்த 'தெம்!'. அணுகுண்டு சோதனையின் கதிர்வீச்சால் நியூ மெக்சிகோ பாலைவனத்து எறும்புகள் ராட்சத உருவம் எடுத்துவிடும். கடையை உடைத்துப் புகும் எறும்பு, கல்லாவைத் தொடாது. அதற்குச் சர்க்கரைதான் வேண்டும்! எவ்வளவு வளர்ந்தாலும் எறும்பு எறும்புதானே?

அது பெரிய ஸ்டுடியோவின் படம். அது ஓடிய ஓட்டத்தைப் பார்த்துச் சின்னத் தயாரிப்பாளர்களும் ஆளுக்கொரு பூச்சியைக் கையில் எடுத்தார்கள். 1957-ல் பெர்ட் ஐ. கார்டன் எடுத்த 'பிகினிங் ஆஃப் தி எண்ட்' படத்தில், சிகாகோ நகரத்துக்குள் ராட்சத வெட்டுக்கிளிகள் நுழையும். செட் போடப் பணம் ஏது? கட்டடங்களின் புகைப்படங்கள் மீது நிஜ வெட்டுக்கிளிகளை நடக்கவிட்டுப் படம்பிடித்துவிட்டார். ஓரிடத்தில் ஒரு வெட்டுக்கிளி கட்டடத்தைத் தாண்டி வானத்திலேயே கால் வைத்துவிடும். சிரித்துச் சிரித்து எனக்குப் புரையேறிவிட்டது.

1959-ல் ரோஜர் கார்மன் எடுத்த 'தி வாஸ்ப் வுமன்' இன்னொரு ரகம். அழகு சாதன கம்பெனி நடத்தும் பெண்ணுக்கு வயதாகிறது, வியாபாரம் சரிகிறது. இளமைக்காக ராணிக் குளவியின் சத்தை ஊசியாகப் போட்டுக்கொள்கிறாள். இளமையும் வருகிறது, கூடவே குளவித் தலையும் வருகிறது! போஸ்டரில் பெண் முகத்தோடு பிரம்மாண்டமான குளவி. படத்திலோ குளவி முகமூடி மாட்டிய பெண். பட்ஜெட் அவ்வளவுதான்.

என் அக்கா மகள் ஒன்பதாவது படிக்கிறாள். "சித்தி, சயின்ஸ்படி இதெல்லாம் நடக்கவே நடக்காது" என்பாள். பூச்சி பத்து மடங்கு நீளமானால் எடை ஆயிரம் மடங்காகும். காலின் பலமோ நூறு மடங்குதான் கூடும். சொந்த உடம்பையே அது தூக்க முடியாது. பூச்சிக்கு நுரையீரலும் கிடையாது. உடம்பின் பக்கவாட்டுத் துளைகள் வழியாகத்தான் மூச்சு. அவ்வளவு பெரிய உடம்புக்கு அந்தக் காற்று போதாது. "அதனால பயப்படாதீங்க" என்று எனக்குத் தைரியம் வேறு சொல்வாள்.

போன ஐப்பசியில் அவளுக்கு டெங்கு வந்தது. பிளேட்லெட் எண்ணிக்கை காலையில் ஒன்று, மாலையில் அதைவிடக் குறைவு என்று இறங்கிக்கொண்டே போனது. வார்டுக்கு வெளியே பெஞ்சில் அக்காவும் நானும் இரண்டு இரவுகள் உட்கார்ந்திருந்தோம். அக்கா பேசவே இல்லை. எந்தக் கொசு, எப்போது கடித்தது, யாருக்குத் தெரியும்? சண்டை போடக்கூட எதிரில் யாரும் இல்லை.

அந்தப் பெஞ்சில்தான் எனக்கு இந்தப் படங்கள் ஏன் பிடிக்கிறது என்று புரிந்தது. அவற்றில் எதிரி வீட்டளவு இருக்கிறான், கண்ணுக்குத் தெரிகிறான். கண்ணாடி போட்ட விஞ்ஞானி ஒருவர் வழி சொல்கிறார். வெட்டுக்கிளிகளை ஒலிபரப்பால் ஏமாற்றி மிச்சிகன் ஏரிக்குள் இறக்கிவிடுகிறார்கள். ஒன்றரை மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்துவிடும். பூச்சியைப் பெரிதாக்கிக் காட்டுவது பயமுறுத்த மட்டுமில்லை, ஆறுதல் சொல்லவும்தான்.

நிஜத்தில் ஆளைக் கொல்லும் பூச்சிக்கு உறுமல் இல்லை, பின்னணி இசை இல்லை. 2023-ல் மலேரியாவால் மட்டும் உலகம் முழுக்க ஏறத்தாழ 6 லட்சம் பேர் இறந்ததாக உலக சுகாதார நிறுவனம் மதிப்பிட்டிருக்கிறது. டெங்கு கொசுவுக்குத் தேவையான பட்ஜெட், ஒரு கொட்டாங்குச்சித் தண்ணீர்; ஒரு வாரம், பத்து நாள் அவகாசம்.

மூன்றாம் நாள் எண்ணிக்கை ஏற ஆரம்பித்தது. அக்கா அப்போதுதான் அழுதாள்.

இப்போது எந்தப் பூச்சிப் படம் பார்ப்பது என்று முடிவு செய்வது அவள்தான். டி.வி.யைப் போடும் முன் மொட்டை மாடிக்குப் போய், மழைத் தண்ணீர் தேங்கிய டப்பா, தொட்டி எல்லாவற்றையும் கவிழ்த்துவிட்டு வருவதும் அவளேதான்.