தோட்டத்துக் குடில்

தளபதிகளின் வரலாறுகளை நான் படிப்பது அவர்தம் வெற்றிகளுக்காக அன்று. தோற்றபின் அவர்கள் எவ்வாறு நடந்துகொண்டார்கள் என்பதை அறியவே. அவ்வாறு படித்தவருள் என்னை நெடுநாள் அலைக்கழித்தவர் யப்பானிய ஜெனரல் இமாமுரா ஹிதோஷி. 1942இல் ஒல்லாந்தரிடமிருந்து யாவாவைக் கைப்பற்றியவர். பின்னர் றபவுலில் எட்டாவது பிரதேசப் படைக்குத் தலைமை தாங்கியவர். கடல்வழி அடைபட்டபோது அங்கே படைவீரரைப் பயிர்செய்ய வைத்துப் பசியிலிருந்து காத்தார்.

தம் படையினர் கைதிகளுக்கு இழைத்த கொடுமைகளைத் தடுக்கத் தவறினார் என்று அவுஸ்திரேலிய இராணுவ நீதிமன்றம் 1947இல் அவருக்குப் பத்தாண்டுச் சிறை விதித்தது. தோக்கியோவின் சுகாமோ சிறையிலேயே காலத்தைக் கழித்திருக்கலாம். அவரோ, தம் வீரர்கள் அடைபட்டிருந்த மனுஸ் தீவுக்கே தம்மையும் அனுப்புமாறு வேண்டி, 1950இல், அறுபதைக் கடந்த வயதில், அங்கே சென்றார். 1954இல் விடுதலையானபின்னும் வீட்டுத் தோட்டத்தில் ஒரு சிறு குடில் அமைத்து, தம்மைத் தாமே அதில் அடைத்துக்கொண்டார். நினைவுக் குறிப்புகளால் வந்த பணத்தை மரணதண்டனை பெற்ற வீரரின் குடும்பங்களுக்கு வழங்கினார்.

‘பெருந்தன்மை’ என்று எழுதினேன். பின்னர், அவ்வீரரிடம் அகப்பட்டு மாண்ட கைதிகளுக்கும் இல்லங்கள் இருந்தனவே என்று எண்ணி, அச்சொல்லை அடித்துவிட்டேன். வேறு சொல் இன்னும் அகப்படவில்லை.