முழுதாக நீளாத கை

அப்போது எனக்கு 12 வயது. வீட்டின் பின்புறம் இருந்த ரம்புத்தான் மரத்திலிருந்து வழுக்கி, இடக்கையை ஊன்றி விழுந்தேன். முழங்கை பின்பக்கமாகப் புடைத்துக்கொண்டு நின்றது.

“எண்ணெய் தடவி உருவிவிட்டால் சரியாகிவிடும்,” என்றார் பாட்டி. அம்மா கேட்கவில்லை. கை அசையாதபடி துண்டால் கட்டி, மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றார்.

மருத்துவர் முழங்கையைத் தொடவே இல்லை. முதலில் மணிக்கட்டில் நாடி பார்த்தார். விரல்களை விரிக்கச் சொன்னார். முழங்கையை ஒட்டியே இரத்தக் குழாயும் நரம்புகளும் செல்வதால், அவற்றுக்குப் பாதிப்பு உண்டா என்று பார்க்க வேண்டுமாம். ஊடுகதிர்ப் படத்தில் எலும்பு முறிவு இல்லை. மூட்டு மட்டும் விலகியிருந்தது. மயக்க மருந்து கொடுத்து அதைப் பொருத்தினார்கள். அடிபட்ட இடத்தை அழுத்தி உருவினால், தசைக்குள் எலும்பு வளர்ந்து மூட்டு இறுகிவிடக்கூடும் என்று மருத்துவர் சொன்னதும் பாட்டியின் முகம் வாடிவிட்டது.

இரண்டு வாரத்தில் கட்டை அவிழ்த்தார்கள். சிரமமே அதன் பிறகுதான். முழங்கை எளிதில் விறைத்துப்போகும் மூட்டு. தினமும் மடக்கி நீட்ட வேண்டும். எண்ணெய்க் கிண்ணத்தை ஓரமாக வைத்துவிட்டு, மாலைதோறும் பாட்டிதான் என் எதிரே அமர்ந்து இருபது வரை எண்ணினார். வலிக்குப் பயந்து நான் பத்திலேயே எழுந்து ஓடிவிடுவேன்.

இன்றும் என் இடக்கை முழுதாக நீளாது.